கோஸும் ஆப்பிளும், நடுவில் ஒரு கினிப் பன்றியும்

போன டிசம்பரில் ஒரு நாள் காலை பல் தேய்த்துவிட்டுத் துப்பினால் வாஷ்பேசினில் ரத்தம். பிரஷ் புதுசு, அதனால் இருக்கும் என்று விட்டுவிட்டேன். ஒரு வாரம் ஆகியும் நிற்கவில்லை.

நான் இருப்பது சிம்லாவில். தங்கமணியும் பெண்ணும் சென்னையில். பெண்ணுக்கு ப்ளஸ் டூ. பேங்கில் இருக்கிறவர்களுக்கு இதை விளக்க வேண்டாம். பிரமோஷன் ஆர்டர் வந்த கவரிலேயே டிரான்ஸ்ஃபர் ஆர்டரும் வந்துவிடும்.

பல் டாக்டர் சுத்தம் செய்துவிட்டு, தினமும் என்ன சாப்பிடுகிறீர்கள் என்று கேட்டார். காலையில் டீயும் பிரெட்டும். மதியம் ஆபீஸ் பக்கத்தில் ராஜ்மா சாதம். ராத்திரி சாதம், பருப்பு, குக்கரில் மூணு விசில் வைத்த முட்டைக்கோஸ். பழம்? நான் தலையைச் சொறிந்தேன். ஆப்பிள் விளைகிற ஊரில் உட்கார்ந்துகொண்டு பழமே சாப்பிடாத ஆளைப் பார்த்து அவர் சிரித்துவிட்டார். "பெரிய வியாதி ஒண்ணும் இல்லை சார். ஆனா இப்படியே ஓட்டினா அந்தக் காலத்துக் கப்பல்காரன் மாதிரி ஆயிடுவீங்க" என்றார்.

அந்த வார்த்தை மனசில் உட்கார்ந்துவிட்டது. தங்கமணியிடம் சொல்லவில்லை. சொன்னால் அடுத்த ரயிலில் ஏறிவிடுவாள், பெண்ணின் பரீட்சை என்ன ஆவது? ஞாயிற்றுக்கிழமை ஓஸ்லோவில் இருக்கும் அக்கா பெண் போன் செய்தபோது அவளிடம்தான் உளறினேன்.

"மூணு விசிலா? கோஸ் என்ன மூக்கடலையா மாமா? இங்க என் பையனுக்கு ஸ்கூல்ல கோஸையும் ஆப்பிளையும் பச்சையாவே துருவிக் குடுக்கறாங்க. அதையே பண்ணிச் சாப்பிடுங்க."

அவள் சொன்ன பதார்த்தத்தின் பெயர் ரோகோஸ்ட். நார்வே, ஸ்வீடன், டென்மார்க் மூன்று நாட்டிலும் இந்தப் பெயர் உண்டு. "ரோ" என்றால் பச்சை, வேகாதது. "கோஸ்ட்" என்றால் உணவு. பிகாம் படித்தவனுக்கு ஊட்டச்சத்தைப் பற்றி என்ன தெரியும்? ஆனால் பனி கொட்டும் ராத்திரிகளில் வேறு வேலையும் இல்லை. இதன் பின்னால் என்ன கதை என்று தேடிப் படிக்க ஆரம்பித்தேன். அதைத்தான் இங்கே சொல்லப் போகிறேன்.

அந்த ஊர்களில் கோஸுக்குப் பெயர் "கோல்". தண்டு என்று பொருள்படும் "காவ்லிஸ்" என்ற லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. நாம் ஹோட்டலில் சாப்பிடும் கோல்ஸ்லாவில் இருப்பதும் அதே கோல்தான். அது டச்சுக்காரர்களின் "கோல்ஸ்லா", அதாவது கோஸ் சாலட். ஸ்காண்டிநேவியாவில் உருண்டைக் கோஸ் வருவதற்கு முன்பே உருண்டை கட்டாத இலைக்கோஸ் இருந்தது. வீட்டுக் காய்கறித் தோட்டத்துக்கே கோஸ் தோட்டம் என்றுதான் பெயர்.

ஏன் இவ்வளவு மரியாதை? குளிர்தான் காரணம். அக்டோபரில் உறைபனி ஆரம்பித்தால் அடுத்த வசந்தம் வரை தோட்டத்தில் பச்சையாக எதுவும் முளைக்காது. உப்புக்கண்டம், காய்ந்த மீன், தட்டை ரொட்டி, இதுதான் சாப்பாடு. அப்போது கைகொடுத்தவை நிலவறையில் மாதக்கணக்கில் கெடாமல் கிடக்கும் கோஸும், காட்டில் பறித்து வைத்த பழங்களும். லிங்கன்பெர்ரி என்று ஒரு சிவப்புப் பழம். அதிலேயே இயற்கையாக பென்சாயிக் அமிலம் இருப்பதால் சர்க்கரை இல்லாமல் வெறும் தண்ணீரில் போட்டு வைத்தாலும் கெடாது. பிறகு 18ஆம் நூற்றாண்டில் உருளைக்கிழங்கு வந்தது. நார்வேயில் அதை ஊர் ஊராகப் பரப்பியவர்கள் சர்ச் பாதிரியார்கள். "உருளைக்கிழங்கு பாதிரியார்கள்" என்றே அவர்களுக்குப் பெயர் விழுந்தது.

இவை இல்லாத இடத்தில் வந்ததுதான் ஸ்கர்வி. ஈறு வீங்கும், ரத்தம் வரும், பல் ஆடும், ஆறிப்போன பழைய புண் மறுபடி திறக்கும், கடைசியில் உயிர் போகும். நீண்ட கடல் பயணத்தில் கப்பல்காரர்களைக் கொத்துக் கொத்தாகக் கொன்ற வியாதி. டாக்டர் சொன்ன "கப்பல்காரன்" இவன்தான்.

மருந்து தெரியாமல் இல்லை. 1747இல் ஜேம்ஸ் லிண்ட் என்ற பிரிட்டிஷ் கடற்படை டாக்டர் 12 நோயாளிகளை இரண்டிரண்டு பேராகப் பிரித்து ஆறு விதமான வைத்தியம் செய்து பார்த்தார். ஆரஞ்சும் எலுமிச்சையும் சாப்பிட்ட இருவர்தான் சட்டென்று தேறினார்கள். ஆனால் பிரிட்டிஷ் கடற்படை எலுமிச்சைச் சாறைக் கப்பல்களில் முறையாகக் கொடுக்க ஆரம்பித்தது 1795இல். 48 வருஷம் ஃபைல் பெண்டிங்! இதைப் படித்த பிறகு எங்கள் ஹெட் ஆபீஸ் மேல் எனக்கு ஒரு தனி மரியாதையே வந்துவிட்டது :-)

கேப்டன் குக் 1768இல் கிளம்பியபோது டன் கணக்கில் புளிக்க வைத்த கோஸை ஏற்றிக்கொண்டு போனார். மாலுமிகள் தொட மறுத்தார்கள். அவர் கட்டாயப்படுத்தவில்லை. தினமும் அதிகாரிகளின் மேஜையில் மட்டும் பரிமாறச் சொன்னார். அதிகாரிகள் சாப்பிடுவதைப் பார்த்ததும் மாலுமிகளும் கேட்டு வாங்கிச் சாப்பிட ஆரம்பித்தார்கள். மேனேஜ்மென்ட் டிரெய்னிங்கில் சொல்லித் தர வேண்டிய பாடம்.

இத்தனைக்குப் பிறகும் ஏன் வருகிறது என்று யாருக்கும் தெரியவில்லை. கெட்டுப்போன இறைச்சியின் விஷம்தான் காரணம் என்று 19ஆம் நூற்றாண்டின் கடைசியில்கூடப் பெரிய ஆட்களே நம்பினார்கள். துருவப் பயணத்தில் உலகப் புகழ் பெற்ற நார்வேயின் நான்சென் அவர்களில் ஒருவர்.

இங்கேதான் கினிப் பன்றி வருகிறது. ஓஸ்லோவுக்கு அப்போது கிறிஸ்டியானியா என்று பெயர். அங்கே ஆக்சல் ஹோல்ஸ்ட் என்ற சுகாதாரத் துறைப் பேராசிரியர். நார்வே கப்பல் மாலுமிகளுக்கு வந்த பெரிபெரி பற்றி ஆராய்ந்துகொண்டிருந்தார். பெரிபெரி நம்ம அரிசிக்காரர்களுக்குத் தெரிந்த வியாதி. தவிடு நீக்கித் தீட்டிய அரிசியை மட்டுமே நம்பி இருந்தவர்களுக்கு வந்தது. புழுங்கல் அரிசி சாப்பிட்டவர்கள் அதிலிருந்து தப்பித்தார்கள். தீட்டிய அரிசி போட்டால் கோழிக்கும் அதே மாதிரி வியாதி வருகிறது என்று ஜாவாவில் டச்சு டாக்டர்கள் கண்டுபிடித்திருந்தார்கள். ஹோல்ஸ்ட் அங்கேயே போய்ப் பார்த்துவிட்டு வந்தார். ஊருக்குத் திரும்பியதும் பறவைக்குப் பதிலாக ஒரு பாலூட்டியை வைத்துச் சோதிக்கலாம் என்று கினிப் பன்றிகளுக்கு வெறும் தானியமும் ரொட்டியும் போட்டார். வந்தது பெரிபெரி இல்லை, ஸ்கர்வி!

குழந்தை டாக்டர் தியோடர் ஃப்ரோலிச்சும் அவரும் சேர்ந்து 1907இல் இதை வெளியிட்டார்கள். பச்சைக் கோஸும் எலுமிச்சைச் சாறும் கொடுத்த கினிப் பன்றிகள் பிழைத்தன. காய வைத்த கோஸ் காப்பாற்றவில்லை. சூடுபடுத்தினால் கோஸின் பலன் குறைந்தது. என் குக்கரின் மூணு விசிலுக்கு நூறு வருஷத்துக்கு முன்பே தீர்ப்பு எழுதிவிட்டார்கள்!

இதில் அதிர்ஷ்டம் என்னவென்றால், பெரும்பாலான விலங்குகள் வைட்டமின் சி-யைத் தாங்களே உடம்பில் தயாரித்துக்கொள்ளும். மனிதனுக்கும் குரங்குக்கும் கினிப் பன்றிக்கும் அந்தத் திறமை கிடையாது. ஹோல்ஸ்ட் எலியை எடுத்திருந்தால் ஒன்றுமே நடந்திருக்காது.

ஹங்கேரியைச் சேர்ந்த சென்ட்-ஜியார்ஜி 1928இல் விலங்குகளின் அட்ரினல் சுரப்பி, ஆரஞ்சு, கோஸ் இவற்றிலிருந்து ஒரு பொருளைப் பிரித்தெடுத்தார். அதுதான் வைட்டமின் சி என்று 1932இல் உறுதியானது. உறுதி செய்ய உதவியதும் கினிப் பன்றிகள்தான். 1937இல் அவருக்கு நோபல் பரிசு. ஹோல்ஸ்ட் 1931லேயே காலமாகிவிட்டார். தான் தேடிய பொருள் எது என்று உறுதியாவதற்கு முன்பே போய்ச் சேர்ந்தார் என்று படித்தபோது மனசுக்குக் கஷ்டமாக இருந்தது.

ஆனால் அவர் ஊர்க் குழந்தைகளுக்கு அந்தப் பலன் கிடைத்தது. 1930களில் ஓஸ்லோ பள்ளிகளில் இலவசக் காலை உணவு கொடுத்தார்கள். "ஓஸ்லோ பிரேக்ஃபாஸ்ட்" என்று வெளிநாடுகளிலும் பேசப்பட்டது. பால், ரொட்டி, அதோடு பச்சைக் காரட்டோ ஆப்பிளோ ஆரஞ்சோ ஒரு துண்டு. அடுப்பே தேவையில்லை.

சரி, செய்முறைக்கு வருவோம். ஒரு ஆளுக்கு: கோஸ் 150 கிராம், சின்ன ஆப்பிள் ஒன்று, அரை ஆரஞ்சு, கொஞ்சம் உலர்ந்த திராட்சை (லிங்கன்பெர்ரிக்கு நான் எங்கே போவேன்?), அரை மூடி எலுமிச்சை, உப்பு, மிளகுத்தூள், அரை ஸ்பூன் சர்க்கரை, ஒரு ஸ்பூன் எண்ணெய். கோஸை நூல் நூலாக நறுக்கி, உப்பு போட்டுக் கையால் பிசறிப் பத்து நிமிஷம் வையுங்கள். மற்றதைச் சேர்த்துக் கலந்து, கடைசியில் ஆப்பிளை நறுக்கி உடனே எலுமிச்சை பிழிந்தால் கறுக்காது. எண்ணெய்க்குப் பதில் கெட்டித் தயிரும் போடலாம்.

100 கிராம் பச்சைக் கோஸில் சுமார் 36 மில்லிகிராம் வைட்டமின் சி. ஆரஞ்சும் சேர்ந்தால் ஒரு ஆணுக்கு ஒரு நாளைக்குத் தேவையான 80 மில்லிகிராம் ஏறக்குறைய வந்துவிடும். ஆப்பிளில் இது ரொம்பக் குறைவு, அது ருசிக்குத்தான்.

ஒரு எச்சரிக்கை. நம் ஊரில் கோஸை வேக வைப்பது முட்டாள்தனம் இல்லை. அழுக்குத் தண்ணீர் பாய்ந்த கோஸில் நாடாப்புழு முட்டை இருக்கலாம் என்ற பயம் நியாயமானது. வெளி இலைகளை எறிந்துவிட்டு, மற்றதை இலை இலையாகப் பிரித்து ஓடும் தண்ணீரில் கழுவுங்கள். எங்கே விளைந்தது என்று நம்பிக்கை இல்லையா? கோஸை வதக்கியே சாப்பிடுங்கள். பழத்தை மட்டும் பச்சையாக, தினமும்.

பிப்ரவரியில் ரத்தம் நின்றுவிட்டது. டாக்டர் செய்த சுத்தமா, கோஸா, ஆரஞ்சா என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை. மூன்று பேருக்கும் சமமாகக் கிரெடிட் எழுதிவிட்டேன்.

பரீட்சை முடிந்து மே மாதம் தங்கமணியும் பெண்ணும் வந்தார்கள். அப்போதுதான் விஷயத்தைச் சொன்னேன். "இத்தனை மாசம் ஏன் சொல்லலை?" என்று கேட்டுவிட்டு அரை நாள் பேசவில்லை. சாயங்காலம் சமையலறையில் தேங்காய் துருவும் சத்தம். கோஸ் பொரியல்! தட்டில் பக்கத்திலேயே ஒரு ஆரஞ்சும் உரித்து வைத்திருந்தாள்.

தனியாக இருக்கும் டிரான்ஸ்ஃபர் ஆசாமிகளே, இன்றைக்கு என்ன பழம் சாப்பிட்டீர்கள்?