கம்பாகா: கோழி சொல்லும் தீர்ப்பு

நேத்து ராத்திரி தூக்கம் வரலைன்னு 'தி விட்ச்சஸ் ஆஃப் கம்பாகா' ஆவணப்படத்தைப் போட்டேன். யாபா படோ எடுத்தது, 2010ல் வந்தது, 55 நிமிஷம். அதுக்கப்புறம் சுத்தமா தூக்கம் போச்சு மக்களே.

கம்பாகா, வடக்கு கானாவில் மாம்ப்ருசி ராஜ்ஜியத்து ஊர். பிரிட்டிஷ்காரர்கள் 1907 வரை அந்த வட பிரதேசத்துக்கே இதைத்தான் தலைநகரா வெச்சிருந்தாங்க. அப்புறம் தமாலேவுக்குப் போயிட்டாங்க. இன்னிக்கு ஊர் பேர் வெளியில தெரியறதுக்குக் காரணம், சூனியக்காரின்னு விரட்டப்பட்ட பெண்கள் அடைக்கலமா வந்து தங்கற குடிசைகள்.

ஊர்ல ஒரு குழந்தை காய்ச்சல்ல சாகும். யாரோ கனவுல ஒரு கிழவியைப் பாத்தேன்னு சொல்லுவாங்க. அவ்ளோதான். பெரும்பாலும் விதவை, வயசானவங்க, பக்கபலமா பேச ஆள் இல்லாதவங்க. அடிச்சுத் துரத்தினா கம்பாகாவுக்கு ஓடி வரணும். அங்கே ஊர்த்தலைவர் கம்பரானா முன்னாடி ஒரு கோழியை அறுத்துப் போடுவாங்க. துடிச்சு மல்லாந்து விழுந்தா நிரபராதி, குப்புற விழுந்தா சூனியக்காரி. (பொட்டி தட்டறவன் பாஷையில சொன்னா பூஜ்யம் அல்லது ஒண்ணு. இந்த ப்ரோக்ராமுக்கு மேல்முறையீடு கிடையாது.)

ஆம்பளைக்கு இந்த சக்தி கிடையாதான்னு கேக்காதீங்க. உண்டாம். ஆனா அது காப்பாத்தற சக்தியாம்! மாம்ப்ருசி மக்களை ஆராய்ந்த மானுடவியலாளர் சூசன் ட்ரக்கர்-பிரவுன் 1993ல் ஒரு கட்டுரை எழுதினார். பெண்கள் சொந்தமா சம்பாதிக்க ஆரம்பிச்சதையும் இந்த பயம் வளர்ந்ததையும் அதுல அவர் முடிச்சுப் போடறார். எனக்கு அது சரின்னுதான் படுது.

என்னைக் குழப்பினது அந்தத் தலைவர்தான். கொல்ல வர்றவங்க கிட்டேர்ந்து காப்பாத்தறார், வாஸ்தவம். ஒரு பெண்ணை சாகடிக்கப் போனப்போ ஒரு இமாம் இரக்கப்பட்டு இடம் கொடுத்ததுல ஆரம்பிச்ச வழக்கம்னு ஊர்ல சொல்றாங்க. ஆனா அந்தப் பெண்கள் அவர் நிலத்துல வேலை செய்யறாங்க, திரும்பிப் போகணும்னா சடங்கு, செலவு எல்லாம் உண்டு. அடைக்கலமா, சிறையா? ரெண்டும்தான்.

அப்போ முகாம்களை மூடிட்டா? 2014ல் அரசு போன்யாசி முகாமை மூடுச்சு. ஆனா இவங்களை விரட்டின ஊர் அப்படியேதானே இருக்கு? வீட்டுக்குப் போன சிலர் மறுபடி பழி சுமத்தப்பட்டு முகாமுக்கே திரும்பியிருக்காங்க. 2020 ஜூலையில் கஃபாபாங்கற ஊர்ல 90 வயசுப் பாட்டி ஒருத்தரை பட்டப்பகல்ல, கூட்டம் வேடிக்கை பாக்க, அடிச்சே கொன்னாங்க. அவங்க எந்த முகாமுக்கும் போய்ச் சேரலை.

நாடே கொதிச்சுது. சூனியக்காரின்னு பழி சொல்றதையே குற்றமாக்கற மசோதா 2023 ஜூலையில் நாடாளுமன்றத்துல நிறைவேறிச்சு. அப்போதைய ஜனாதிபதி அகுஃபோ-அட்டோ கையெழுத்து போடலை. அரசு கஜானாவுக்கு செலவு வைக்கற விஷயத்தை தனிநபர் மசோதாவா கொண்டு வந்தது அரசியல் சாசனப்படி தப்புன்னு டிசம்பர்ல சொல்லிட்டார்.

படத்தை நீங்களும் பாருங்க. கோழி அறுக்கற இடத்துல கோழியை விட்டுட்டு, அது எப்படி விழப்போகுதுன்னு பாத்துக்கிட்டு உக்காந்திருக்கறவங்களைக் கவனிங்க.