கெஸ்வாச்சாகா புல்பாலப் பின்னல் விழா

தென் அமெரிக்காவின் பெரு நாட்டில், அபூரிமாக் ஆற்றின் குறுக்கே தொங்கும் கெஸ்வாச்சாகா புல்பாலத்தை ஆண்டுதோறும் ஜூன் மாதத்தில் ஊர்கூடிப் புதிதாகப் பின்னும் விழா. குஸ்கோ பகுதியின் கானாஸ் மாகாணத்தில், கடல்மட்டத்திலிருந்து 3,600 மீட்டருக்கும் மேலான உயரத்தில் உள்ள ஒரு பாறையிடுக்கில் இது நடைபெறுகிறது. வின்சிரி, சவுப்பிபந்தா, சோக்காய்வா, கொல்யானா கேவே என்னும் நான்கு உழவர் ஊர்கள் இதை நடத்துகின்றன. அவ்வூரார் பேசும் மொழி கெச்சுவா. பாலத்தின் நீளம் ஏறத்தாழ 28 மீட்டர், அகலம் ஒரு மீட்டருக்குச் சற்று மேல். வேலை மூன்று நாள், கொண்டாட்டம் நான்காம் நாள்.

பின்னணி

இன்கா பேரரசின் சாலைகள் இன்றைய ஆறு நாடுகளில் பரவிக் கிடப்பவை. காபாக் நியான் என்ற பெயரில் 2014இல் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தன. அந்தச் சாலைகளில் வண்டி ஓடியதில்லை. கால்நடையாகச் செல்பவர்களும் சுமை தூக்கிய லாமாக்களும்தான் போய்வந்தார்கள். ஆகவே ஆழமான ஆற்றிடுக்குகளைக் கடக்கப் புல்லாலும் நாராலும் ஆன தொங்குபாலங்களே போதுமாயின. அவற்றைப் பழுது பார்ப்பது பக்கத்து ஊர்கள் அரசுக்குச் செலுத்தும் உழைப்பு வரி. 16ஆம் நூற்றாண்டில் பேரரசு வீழ்ந்த பிறகும் பாலங்கள் உடனே மறையவில்லை. இதே ஆற்றில் வேறோர் இடத்தில் இருந்த பெரிய பாலத்தை அமெரிக்கரான எஃப்ரைம் ஜார்ஜ் ஸ்குவயர் 19ஆம் நூற்றாண்டில் நேரில் கண்டு எழுதியிருக்கிறார். அது சுமார் 45 மீட்டர் நீளமுடையது. அதையும் கெஸ்வாச்சாகாவையும் ஒன்றாகக் குழப்பக் கூடாது. பெரிய பாலங்கள் போய்விட்டன, சிறியது தங்கிவிட்டது.

வீட்டுக்கு ஒரு கயிறு

பார்க்க வருபவர்கள் படம் எடுப்பது ஆற்றின் மேல் நடக்கும் வேலையைத்தான். விழாவின் உயிர்நாடியோ அதற்கு முன்பே வீடுகளில் தொடங்கிவிடுகிறது. ஒவ்வொரு குடும்பமும் தன் பங்காகப் பல பத்து மீட்டர் நீளக் கயிறு திரித்துக் கொண்டுவர வேண்டும். மலைச்சரிவில் விளையும் கோயா என்ற முரட்டுப் புல்லை அறுத்துக் காயவைத்து, கல்லால் தட்டி, நீரில் நனைத்துப் பதமாக்குகிறார்கள். பிறகு உள்ளங்கைகளுக்கு இடையே வைத்து உருட்டி, கைப்பிடி கைப்பிடியாகப் புல்லைச் சேர்த்துத் திரிக்கிறார்கள். இதில் பெரும்பங்கு பெண்களுடையது. முதல் நாள் இந்தக் கயிறுகள் பாலத்தடியில் வந்து குவிகின்றன. யார் கொண்டுவந்தார்கள், யார் கொண்டுவரவில்லை என்பது ஊருக்கே தெரிந்துவிடும். காசு புழங்காத இந்தக் கூட்டு உழைப்புக்கு மின்கா என்று பெயர். அரசன் போட்ட வரி, அரசன் போன பிறகு ஊர்க் கடமையாக மாறி நிலைத்துவிட்டது என்பதே இவ்விழாவின் வரலாற்றுச் சிறப்பு.

பின்னும் முறை

விடியலில் பாக்கோ எனப்படும் பூசாரி கொக்கா இலை முதலியவற்றைப் படைத்து, மண் தாயான பச்சமாமாவிடமும் மலைத் தெய்வங்களான அப்புகளிடமும் அனுமதி கேட்பார். அதன் பின்தான் வேலை. மெல்லிய கயிறுகளைக் கற்றையாகச் சேர்த்து, சாலை நெடுகிலும் நீட்டி, முன்பு திரித்ததற்கு எதிர்த்திசையில் முறுக்குகிறார்கள். இரண்டு முறுக்கும் ஒன்றையொன்று பிடித்துக்கொள்வதால் கயிறு தானாகப் பிரியாது. அப்படித் திரண்ட புரிகளைச் சடையாகப் பின்னினால் ஆள் தொடைப் பருமனுக்கு வடம் கிடைக்கும். தரைக்கு நான்கு வடம், கைப்பிடிக்கு இரண்டு, ஆக மொத்தம் ஆறு. இரு அணியாகப் பிரிந்து வடத்தை இழுப்பது வேடிக்கைக்காக அல்ல. தளர்வை இப்போதே எடுத்துவிடாவிட்டால் பாலம் பின்னால் தொய்ந்துவிடும்.

இரண்டாம் நாள் வடங்கள் ஆற்றைக் கடந்து, இரு கரையிலும் உள்ள கல் அடிமானங்களில் இறுக்கிக் கட்டப்படும். பழைய பாலத்தை அறுத்து ஆற்றில் விடுவார்கள். புல்லும் குச்சியும் நாருமே என்பதால் அது நீரோடு போய் மக்கிவிடும். மூன்றாம் நாள், சாக்காருவாக் எனப்படும் பாலக் கைவினைஞர் இருவர் ஆளுக்கொரு கரையிலிருந்து தொடங்குகிறார்கள். கைப்பிடி வடத்தையும் தரை வடத்தையும் சிறு கயிறுகளால் வலைபோல் இணைத்தபடி, நடு ஆற்றை நோக்கி நகர்ந்து சந்திப்பார்கள். இந்த வித்தை குடும்பத்துக்குள்ளேயே கைமாறி வருவது. கடைசியில் குச்சியும் நாரும் கலந்த பாயைத் தரையில் விரித்தால் பாலம் நடக்கத் தயார். பெண்கள் அருகில் வந்தால் விபத்து நேரும் என்ற நம்பிக்கையால், பின்னும் வேலை முடியும்வரை அவர்கள் மேட்டிலேயே இருக்க வேண்டும். பாலத்தைத் தாங்கும் கயிற்றில் பெரும்பங்கு அவர்கள் கை திரித்தது என்பதை எண்ணும்போது இந்த விலக்கு உறுத்தவே செய்கிறது.

ஜூன் மாதத்தைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. அறுவடை முடிந்து கை ஓய்ந்திருக்கும். ஆண்டீஸ் மலையில் அது வறண்ட பருவம். டிசம்பரில் தொடங்கும் மழையிலும் மலை வெயிலிலும் புல் நைந்துவிடுவதால் பாலத்தை நம்பி நடக்க ஓராண்டுதான். ‘அறுநூறு ஆண்டுப் பாலம்’ என்ற சுற்றுலா விளம்பரத்தை இந்தக் கணக்கோடுதான் படிக்க வேண்டும்.

இன்றைய நிலை

வண்டிகள் செல்ல அருகிலேயே இரும்புப் பாலம் இருக்கிறது. ஆகவே ஆற்றைக் கடக்கப் புல்பாலம் இல்லாமல் முடியாது என்ற நிலை இல்லை. பெரு அரசு 2009இல் இதைத் தேசியப் பண்பாட்டு மரபாக அறிவித்தது. 2013இல் யுனெஸ்கோ தன் பட்டியலில் சேர்த்தது பாலத்தை அல்ல. அதைப் புதுப்பிக்கும் அறிவையும் திறனையும் சடங்குகளையும். 2015இல் வாஷிங்டனில் நடந்த ஸ்மித்சோனியன் நாட்டார் விழாவிலும் பெருவிலிருந்து சென்ற கைவினைஞர்கள் ஒரு பாலத்தைப் பின்னிக் காட்டினர். கொரோனா பரவலால் 2020இல் விழா நடக்கவில்லை. பராமரிப்பற்ற பாலம் 2021 மார்ச்சில் அறுந்து விழ, அதே ஆண்டு ஜூனில் ஊரார் மீண்டும் கயிறு கொண்டுவந்து கட்டினார்கள்.