அகிஹிகோ ஹிராட்டா

அகிஹிகோ ஹிராட்டா (டிசம்பர் 16, 1927 – ஜூலை 25, 1984) ஜப்பானியத் திரைப்பட, தொலைக்காட்சி நடிகர் ஆவார். தோஹோ நிறுவனம் தயாரித்த அறிபுனைத் திரைப்படங்களில் அறிவியலாளர், காவல் அதிகாரி, படை அதிகாரி முதலிய குணச்சித்திர வேடங்களில் நடித்துப் புகழ் பெற்றார். 1954 இல் வெளிவந்த முதலாவது காட்சில்லா திரைப்படத்தில் இவர் ஏற்ற முனைவர் செரிசாவா என்னும் வேடம் இவரது மிகச் சிறந்த வேடமாகக் கருதப்படுகிறது. தமது கண்டுபிடிப்பு யாருடைய கைக்குப் போய்ச் சேரும் என்ற கேள்வியை எதிர்கொள்ளும் அறிவியலாளராக இவர் பின்னரும் பல படங்களில் தோன்றினார்.

இளமைக் காலம்

இவரது இயற்பெயர் அகிஹிகோ ஒனோடா. அப்போது ஜப்பானின் ஆட்சியின் கீழிருந்த கொரியாவின் கெய்ஜோ நகரில் (இன்றைய சியோல்) பிறந்தார். போர்க் காலத்தில் இராணுவ அதிகாரிகளுக்கான கல்விக்கழகத்தில் பயின்றார். போர் முடிந்த பின் டோக்கியோ பல்கலைக்கழகத்தில் சட்டம் பயின்று பட்டம் பெற்றார். இவருடைய அண்ணன் யோஷிகி ஒனோடா திரைப்பட இயக்குநர் ஆவார். ஹிராட்டா 1953 இல் தோஹோ நிறுவனத்தின் படங்களில் நடிக்கத் தொடங்கினார்.

செரிசாவா வேடம்

1954 மார்ச் 1 அன்று பிகினி பவளத்தீவில் அமெரிக்கா நடத்திய ஐதரசன் குண்டுச் சோதனையின் கதிரியக்கச் சாம்பல், 'ஐந்தாம் இலக்க லக்கி டிராகன்' என்ற ஜப்பானிய மீன்பிடிப் படகின் மீது படிந்தது. படகிலிருந்த 23 பேரும் பாதிக்கப்பட்டனர். அவர்களுள் வானொலி இயக்குநராகப் பணியாற்றியவர் அதே ஆண்டு செப்டம்பரில் இறந்தார். இந்நிகழ்வு ஜப்பானியர் மனத்தில் ஆறாதிருந்த வேளையில், நவம்பர் 3, 1954 அன்று 'கோஜிரா' வெளியானது. இஷிரோ ஹோண்டா இயக்கிய இப்படத்திற்கு எய்ஜி சுபுராயா சிறப்புக் காட்சிகளை அமைத்தார். அப்போது ஹிராட்டாவிற்கு வயது 26.

செரிசாவா போரில் ஒரு கண்ணை இழந்தவர். கறுப்புக் கண்பட்டை அணிந்தவர். நீரிலுள்ள ஆக்சிசனைச் சிதைத்து உயிர்கள் அனைத்தையும் அழிக்கும் 'ஆக்சிசன் அழிப்பான்' என்னும் கருவியை ஆய்வின்போது கண்டறிகிறார். காட்சில்லாவை வெல்ல அதுவொன்றே வழி. ஆயினும் ஒருமுறை அதைப் பயன்படுத்தினால், உலக அரசியல்வாதிகள் அதைப் போர்க்கருவியாக்க வற்புறுத்துவர் என அஞ்சி அவர் மறுக்கிறார். அழிந்த டோக்கியோவின் காட்சிகளையும் சிறுமியர் பாடும் வேண்டுதல் பாடலையும் தொலைக்காட்சியில் கண்டபின் மனம் மாறுகிறார். தமது ஆய்வுக் குறிப்புகளை எரித்துவிட்டு, டோக்கியோ விரிகுடாவின் அடியில் கருவியை இயக்குகிறார். தாம் உயிரோடு இருக்கும்வரை அந்த அறிவும் அழியாது என்பதால், மேலே செல்லும் கயிற்றையும் காற்றுக் குழாயையும் அறுத்துக்கொண்டு அங்கேயே உயிர் துறக்கிறார்.

ஆர்ப்பாட்டமின்றி, அடங்கிய குரலில் ஹிராட்டா இவ்வேடத்தை நடித்துள்ளார். இதனால் படத்தின் முடிவு வெற்றிக் களிப்பாக அன்றித் துயரமாகவே அமைகிறது.

பிற அறிவியலாளர் வேடங்கள்

ரோடான் (1956), மோத்ரா (1961), கிங் காங் எதிர் காட்சில்லா (1962) ஆகிய படங்களில் ஹிராட்டா அறிவியலாளராகத் தோன்றினார். 1957 இல் வெளிவந்த 'தி மிஸ்டீரியன்ஸ்' படத்தில், வேற்றுலகவாசிகளின் அறிவியல் மேன்மையில் மயங்கி அவர்களுடன் சேர்ந்துவிடும் வானியலாளர் ஷிரைஷியாக நடித்தார். ஏமாற்றப்பட்டதை உணர்ந்த ஷிரைஷி அவர்களுடைய தளத்தைத் தகர்க்கும் முயற்சியில் உயிரிழக்கிறார்.

1966 இல் தொடங்கிய அல்ட்ராமேன் தொலைக்காட்சித் தொடரில் முனைவர் இவாமோட்டோவாக நடித்தார். தொடரின் இறுதிப் பகுதியில் அல்ட்ராமேனையே வீழ்த்திய செட்டன் என்னும் அரக்க உயிரியை, இவாமோட்டோ உருவாக்கிய ஆயுதமே அழிக்கிறது. செரிசாவாவின் அச்சம் இங்கு இல்லை. மனிதர் தம் அறிவால் தம்மைக் காத்துக்கொள்ளலாம் என்ற நம்பிக்கையே காணப்படுகிறது.

1974 இல் வந்த 'காட்சில்லா எதிர் மெக்காகாட்சில்லா'வில், மகளின் உயிருக்கு அஞ்சிப் பகைவரின் இயந்திரத்தைப் பழுதுபார்க்க நேரும் பேராசிரியர் மியாஜிமாவாக நடித்தார். அடுத்த ஆண்டு வெளிவந்த 'டெரர் ஆஃப் மெக்காகாட்சில்லா'வில் முனைவர் மபூனே என்னும் வேடத்தை ஏற்றார். கல்வியுலகம் இகழ்ந்து ஒதுக்கிய மபூனே, வஞ்சம் தீர்ப்பதற்காகத் தமது கண்டுபிடிப்பை வேற்றுலகவாசிகளிடம் ஒப்படைக்கிறார். தம் கண்டுபிடிப்பு பிறர் கைக்குப் போகாதிருக்கச் செரிசாவா உயிரையே கொடுத்தார். மபூனேயோ அதற்கு நேர்மாறானவர். இரு படங்களையும் இயக்கியவர் ஹோண்டாவே. பிந்தையது அவர் இயக்குநராகப் பணியாற்றிய கடைசித் திரைப்படம்.

எதிர்மறை வேடங்களும் வரலாற்றுப் படங்களும்

1966 இல் வெளியான 'எபிரா' படத்தில், அணுவாயுதம் தயாரிக்கும் இரகசியக் குழுவின் அதிகாரியாக மீண்டும் கண்பட்டையுடன் தோன்றினார். 1972 இல் தொடங்கிய ரெயின்போமேன் தொலைக்காட்சித் தொடரில், ஜப்பானை அழிக்க முயலும் குழுவின் தலைவன் மிஸ்டர் கே வேடத்தை ஏற்றார்.

அறிபுனைக்கு வெளியே, ஹிரோஷி இனாகாகியின் சாமுராய் முப்படத் தொடரில் வாள்வீரர் செய்ஜூரோ யோஷியோகாவாகவும், அகிரா குரோசாவாவின் சஞ்சூரோவில் (1962) இளம் சாமுராய் ஒன்பதின்மருள் ஒருவராகவும் நடித்தார்.

இறுதிக் காலம்

ஹிராட்டா 1961 இல் நடிகை யோஷிகோ குகாவைத் திருமணம் செய்தார். குகா, குரோசாவா, ஓசு ஆகியோரின் படங்களில் நடித்தவர். 1984 இல் வெளிவந்த 'சயோனாரா ஜூபிட்டர்' ஹிராட்டாவின் இறுதிப் படங்களுள் ஒன்று. அவ்வாண்டு தயாரிக்கப்பட்ட புதிய காட்சில்லா படத்தில் பேராசிரியர் ஹயாஷிதாவாக நடிக்கவிருந்தார். நோய் காரணமாக இயலாமற்போகவே யோசுகே நட்சுகி அவ்வேடத்தை ஏற்றார். ஹிராட்டா நுரையீரல் புற்றுநோயால் தமது 56 ஆவது வயதில் காலமானார். படம் அவர் இறந்து ஏறத்தாழ ஐந்து மாதங்களின் பின், டிசம்பரில் வெளியானது.

தாக்கம்

1995 இல் வெளியான 'காட்சில்லா எதிர் டெஸ்டரோயா' படத்தின் கதை, ஆக்சிசன் அழிப்பானின் பின்விளைவுகளை அடிப்படையாகக் கொண்டது. 2014, 2019 ஆகிய ஆண்டுகளில் வெளிவந்த அமெரிக்கப் படங்களில் கென் வதனபே ஏற்ற அறிவியலாளர் வேடத்திற்கு இஷிரோ செரிசாவா எனப் பெயரிடப்பட்டது. முதற்பெயர் இயக்குநர் ஹோண்டாவையும், குடும்பப் பெயர் ஹிராட்டா ஏற்ற வேடத்தையும் நினைவூட்டுவன. 2019 ஆம் ஆண்டுப் படத்தில் அவரும் கடலடியில் தம்முயிரை ஈகிறார். எனினும் 1954 இன் செரிசாவா காட்சில்லாவைக் கொல்ல உயிர் துறந்தார். இவரோ காட்சில்லாவை உயிர்ப்பிக்கவே அவ்வாறு செய்கிறார்.