சேசரே சவாட்டினி: யார் கதையை யார் சொல்வது?

'சைக்கிள் திருடர்கள்' (1948) என்றதும் இயக்குநர் டி சிகாவைச் சொல்வோம். அதன் திரைக்கதைக்கு முதுகெலும்பாக இருந்தவர் சேசரே சவாட்டினி (1902-1989). வட இத்தாலியில் போ ஆற்றங்கரை ஊரான லுட்சாராவில் பிறந்தவர். பத்திரிகையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர்.

கதை எளிது. வேலைக்குப் போக சைக்கிள் வேண்டும். அடகிலிருக்கும் சைக்கிளை மீட்க வீட்டின் படுக்கை விரிப்புகள் அடகுக் கடைக்குப் போகின்றன. முதல் நாளே சைக்கிள் திருடு போகிறது.

ஓய்வூதியத்தில் வாழ முடியாத முதியவரைப் பற்றிய 'உம்பர்டோ டி' 1952இல் வந்தது. அரசில் திரைத்துறையைக் கவனித்த ஆண்ட்ரியோட்டி, நாட்டைத் தவறாகக் காட்டுவதாகப் பகிரங்கக் கடிதம் எழுதினார். வறுமை அல்ல, அதைக் காட்டுவதுதான் அதிகாரத்துக்கு அவமானம்!

சவாட்டினி பின்வாங்கவில்லை. 'நகரத்தில் காதல்' (1953) படத்தில், பெற்ற குழந்தையைக் கைவிட்டுப் பின் மீட்க வந்த பணிப்பெண் காத்தரீனா ரிகோலியோசோவையே அவர் கதையில் நடிக்க வைத்தார். 1955இல் பால் ஸ்ட்ராண்டின் புகைப்படங்களோடு வந்த நூலில் லுட்சாரா மக்களே தங்கள் வாழ்வைப் பேசினார்கள்.

ஆனால் தோழர்களே, இன்னொரு பக்கமும் உண்டு. 'சைக்கிள் திருடர்கள்' நாயகன் லம்பெர்தோ மஜ்ஜோரானி உண்மையான ஆலைத் தொழிலாளி. படம் உலகப் புகழ் பெற்றது. அவரோ ஆலை வேலையை இழந்தார். எளியவரின் முகம் திரைக்கு வந்தால் மட்டும் போதுமா? கதையும் அதன் பலனும் அவருக்குச் சேர வேண்டாமா? கேமராவைக் கையில் எடுக்கும்போது இதையும் கேட்டுக்கொள்வோம்.