கீழ்முதுகு வலி: நோயறிதலும் குறியீடும்

கீழ்முதுகு வலிக்கான காரணத்தை மருத்துவம் நெடுங்காலம் தேடியது. 1934-இல் அமெரிக்க மருத்துவர்கள் மிக்ஸ்டரும் பாரும், முதுகெலும்பு இடைத்தட்டு பிதுங்கி நரம்பை அழுத்துவதை விளக்கினர். அதன்பின் பெரும்பாலான முதுகுவலிக்குத் தட்டே காரணம் என்ற எண்ணம் வலுத்தது. அறுவைச் சிகிச்சைகள் பெருகின. 1994-இல் வெளியான எம்.ஆர்.ஐ. ஆய்வு அந்த எண்ணத்தை அசைத்தது. முதுகுவலியே இல்லாத 98 பேரில் 52 சதவீதத்தினருக்குத் தட்டு புடைத்திருந்தது. ஆகவே, படத்தில் தெரியும் மாற்றமெல்லாம் வலியின் காரணம் ஆகாது.

சிகிச்சையும் மாறியது. நீண்ட படுக்கை ஓய்வே மருந்தெனக் கருதப்பட்ட காலத்தில், 1986-இல் ஆய்வாளர் டேயோவின் குழுவினர் ஏழு நாள் ஓய்வைவிட இரண்டு நாள் ஓய்வு குறைந்த பலன் தருவதில்லை என்று காட்டினர். 2017-இல் அமெரிக்க மருத்துவர் கல்லூரியின் வழிகாட்டுதல், வெப்ப ஒத்தடம், உடற்பயிற்சி போன்ற மருந்தில்லா முறைகளை முதலில் வைத்தது.

பன்னாட்டு நோய் வகைப்பாட்டில் (ஐ.சி.டி.) இவ்வலியின் குறியீடு ஒன்பதாம் திருத்தத்தில் 724.2 ஆகவும், பத்தாம் திருத்தத்தில் எம்54.5 ஆகவும் இருந்தது. 2021 அக்டோபர் 1 முதல் அமெரிக்காவில் அது மூன்றாகப் பிரிந்தது: குறிப்பிடப்படாதது எம்54.50, முள்ளெலும்பு சார்ந்தது எம்54.51, பிற வகை எம்54.59. மருத்துவர் காரணத்தைக் குறிப்பில் தெளிவாக எழுதினால்தான் சரியான குறியீடு அமையும்.