யாழ்ப்பாணத்துக் குடிமனைகளில் ஆடு வளர்ப்பு

யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு இல்லை. பரந்த மேய்ச்சல் தரைகளும் குறைவு. ஒரு வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் இடையில் வேலி மட்டுமே நிற்கும் நெருக்கமான குடியிருப்புகளே அதிகம். இப்படியான இடத்தில் தலைமுறை தலைமுறையாக வீட்டுக்கு ஒன்றிரண்டு ஆடுகள் வளர்ந்தன என்றால், அதற்கு முதற்காரணம் அந்த வேலிதான்.

பூவரசு, கிளுவை, முள்முருக்கு முதலிய மரங்களின் தடிகளைக் கதியாலாக நட்டு, கிடுகினாலோ பனையோலையாலோ அடைப்பது இங்குள்ள வழக்கம். கதியால் மழைக்கு வேர்விட்டுத் தழைக்கும். இங்கே மழையின் பெரும்பகுதி ஐப்பசி முதல் மார்கழி வரைதான். கோடையில் புல் கருகிப்போனாலும் வேலியில் குழை இருக்கும். கொக்கத்தடியால் அதை வெட்டிக் கொட்டிலில் கட்டிவிட்டால் ஆட்டுக்கு அன்றைய தீன் தயார். சீமைக்கிளுவையும் இப்பிலிப்பிலும் பின்னர் வந்து சேர்ந்தன. விழுந்த பலாவிலைகளைக் கம்பியிலோ ஈர்க்கிலோ குத்திச் சேர்ப்பது சிறுவர்களின் வேலை. அதை வேலை என்று அவர்கள் நினைத்ததில்லை.

பெரும்பாலும் ஆடு வீட்டுப் பெண்களின் கைமுதல். மறியாடு பாலுக்கும் குட்டிக்கும், கிடாய் விற்பனைக்கு. தை மாதம் பள்ளிக்கூடம் தொடங்கும்போது கொப்பியும் சப்பாத்தும் வாங்கக் கிடாய் விற்ற வீடுகள் பல. புழுக்கை புகையிலைத் தோட்டத்துக்கு எருவாகும். தீபாவளிக்கு அயலவர் சேர்ந்து ஒரு கிடாயை வாங்கிப் பங்கு போடுவர். வைரவர் கோயில் வேள்விக்கென்றே கிடாய் வளர்த்தோரும் உண்டு. ஆலயங்களில் மிருகபலியைத் தடைசெய்து யாழ்ப்பாண மேல் நீதிமன்றம் 2017இல் தீர்ப்பளித்தது.

அயலுக்குள் ஆடு என்றால் சண்டையும் கூடவே வரும். கட்டவிழ்ந்த ஆடு ஒரு காலையிலேயே பக்கத்து வளவின் கத்தரிக் கன்றுகளை மொட்டையாக்கிவிடும். எல்லைக் கதியாலின் குழை யாருக்கு என்பதும் சிறிய கேள்வியல்ல. ஒல்லாந்தர் 1707இல் தொகுப்பித்த தேசவழமையிலேயே அயற்காணிக்குள் சாயும் மரத்தின் பலன் பற்றிப் பேசப்படுகிறது. பயிரில் மேய்ந்த கால்நடைகளைப் பற்றி ஆங்கிலேயர் 1876இல் தனிக் கட்டளைச் சட்டமே இயற்றினர். ஆனால் பெரும்பாலான பிணக்குகள் நீதிமன்றம் வரை போகவில்லை. ஒரு போத்தல் ஆட்டுப்பாலோ, ஒரு கடகம் புழுக்கையோ வேலிக்கு மேலால் கைமாறினால் கதை முடிந்துவிடும். கதியாலை நகர்த்தியதாக எழுந்த எல்லை வழக்குகள் வேறு விதம். அவைதான் ஆண்டுக்கணக்கில் இழுபட்டன.

இந்த ஒழுங்கை முதலில் குலைத்தது போர். 1995 ஒக்டோபர் 30 அன்று வலிகாமத்து மக்கள் இலட்சக்கணக்கில் தென்மராட்சிக்கும் வன்னிக்கும் இடம்பெயர்ந்தனர். கையில் எடுத்தது போக எல்லாம் பின்தங்கியது. ஆடுகளைக் கட்டில் விட்டால் பட்டினியால் சாகும் என்று கயிற்றை அவிழ்த்துவிட்டுப் போனவர்கள் பலர். அடுத்த ஆண்டு திரும்பியவர்களுக்குக் கொட்டில் இருந்தது, ஆடு இல்லை. வலிகாமம் வடக்கிலோ உயர் பாதுகாப்பு வலயத்தால் பலர் இருபது ஆண்டுகளுக்கும் மேலாகத் தம் வளவுக்கே திரும்ப முடியவில்லை.

எனினும் போரைவிட மதில்தான் ஆட்டை வளவிலிருந்து நிலையாக வெளியேற்றியது என்பது என் கணிப்பு. போருக்குப் பின் மறுபடி குட்டி வாங்கி வளர்த்தார்கள். ஆனால் வெளிநாட்டுப் பணம் வந்ததும் கதியால் வேலி அகன்று சீமெந்து மதில் எழுந்தது. ஆண்டுதோறும் வேலி அடைக்கும் செலவும் எல்லைத் தகராறும் குறைந்தது உண்மை. ஆனால் மதிலில் குழை முளைப்பதில்லை. தீனுக்கு வழியின்றி ஒழுங்கையில் அவிழ்த்துவிடப்பட்ட ஆடு ‘கட்டாக்காலி’ என்று பெயர் பெற்றது. பிடித்துத் தண்டம் அறவிடும் பட்டியலிலும் சேர்ந்தது. அதை வளர்த்த வீட்டாருக்கோ தண்டப்பணமே ஒரு குட்டியின் விலையளவு பெரிது.

இன்றும் ஆடு வளர்ப்பவர்கள் இருக்கிறார்கள். உரிமையாளர் வெளிநாட்டில் இருக்க, பற்றைபிடித்துக் கிடக்கும் காணிகளில் இப்பிலிப்பில் தானாகவே செழித்து நிற்கிறது. பின்னேரங்களில் அங்கே குழை வெட்டிச் சைக்கிள் கரியரில் கட்டிக்கொண்டு போவோரைக் காணலாம்.