தோரியத்தின் நிறம்: தனிம அட்டவணையும் தென்திருவிதாங்கூர் மணலும்

பள்ளி ஆய்வகச் சுவரில் தொங்கும் தனிம வரிசை அட்டவணையின் அடியில், முதன்மைச் சட்டத்திலிருந்து பிரிந்து இரண்டு வரிசைகள் தனியே நிற்கும். அவற்றுள் கீழ்வரிசையின் இரண்டாம் கட்டம் தோரியம். அணு எண் 90. ஓரத்தில் உள்ள நிறக்குறிப்பு அதனை ஆக்டினைடு என்று வகைப்படுத்துகிறது. பாறசாலையிலோ நெய்யாற்றின்கரையிலோ பயிலும் மாணவருக்கு அட்டவணையின் இந்தக் கடைக்கோடிதான் மிக அருகில் உள்ள நிலம். களியக்காவிளையைக் கடந்து தெற்கே சென்றால் மணவாளக்குறிச்சி. அக்கடற்கரையின் கருமணலில் இல்மனைட்டு, ரூட்டைல், சிர்க்கான், கார்னெட்டு ஆகியவற்றோடு மோனசைட்டும் கலந்திருக்கிறது. நிறக்குறிப்பைக் கையில் வைத்துக்கொண்டு அந்த மணலில் ஒரு பிடியைப் பார்த்தால், டைட்டேனியமும் சிர்க்கோனியமும் இடைநிலை உலோகங்களின் நிறத்தில் வரும், சீரியமும் லாந்தனமும் லாந்தனைடு நிறத்தில், சிலிக்கன் உலோகப்போலியாக, பாஸ்பரசும் ஆக்சிஜனும் அலோகங்களாக, தோரியம் மட்டும் ஆக்டினைடாக. அட்டவணையில் வெகுதொலைவில் நிற்பவை மணலில் ஒன்றாகவே கிடக்கின்றன.

இந்த நிறங்கள் எப்போது வந்தன? 1869இல் மெண்டலீவ் 63 தனிமங்களை வரிசைப்படுத்தியபோது நிறம் ஏதும் இல்லை. நிறம் வகுப்பறையின் தேவைக்காக வந்தது. அமெரிக்காவில் 1923இல் ஹோரஸ் டெமிங் வெளியிட்ட நீள்வடிவ அட்டவணையும், 1924இல் ஹென்றி ஹப்பர்டு உருவாக்கிய சுவர் அட்டவணையும் பள்ளிகளில் பரவின. தூரத்து இருக்கையில் அமர்ந்திருப்பவருக்கும் வகை தெரிய வேண்டும் என்பதற்கு நிறத்தைவிட எளிய வழி இல்லை. ஆனால் எந்த வகைக்கு எந்த நிறம் என்பதற்குப் பன்னாட்டு வேதியியல் ஒன்றியமான ஐயூபேக் விதி எதையும் வகுக்கவில்லை. ஒரு பதிப்பகத்தின் மஞ்சள் மற்றொன்றில் பச்சையாகும். நிறம் மாறுவதில் சிக்கல் இல்லை. வகையே மாறுவதுதான் சிக்கல். பொலோனியத்தைச் சில அட்டவணைகள் உலோகம் என்கின்றன, சில உலோகப்போலி என்கின்றன. துத்தநாகமும் பாதரசமும் இடைநிலை உலோகங்களின் நிறத்திலேயே பெரும்பாலும் அச்சாகின்றன. ஐயூபேக்கின் வரையறையோ அவற்றை அவ்வகையில் சேர்ப்பதில்லை.

தோரியத்தின் வரலாறு இதற்கு மிகச் சிறந்த சான்று. 1828இல் பெர்சீலியஸ் கண்டறிந்த இத்தனிமம் நூறாண்டுகளுக்கும் மேலாக அட்டவணையின் அடியில் ஒதுக்கப்பட்டிருக்கவில்லை. 1945க்கு முந்தைய அட்டவணைகளில் அது நான்காம் தொகுதியில், ஹாஃப்னியத்திற்கு நேர்கீழே இருந்தது. அதற்கு வலுவான காரணமும் உண்டு: தோரியம் நான்கு இணைதிறனோடு, சிர்க்கோனியத்தையும் ஹாஃப்னியத்தையும் போலவே வினைபுரிகிறது. 1944இல் கிளென் சீபோர்க், ஆக்டினியத்திற்கு அடுத்து வருபவை லாந்தனைடுகளுக்கு இணையான தனிவரிசை என்று முன்மொழிந்தார். 1945 டிசம்பரில் அக்கருத்து அச்சேறியது. தோரியம், புரோட்டாக்டினியம், யுரேனியம் மூன்றும் இடம்பெயர்ந்தன. சீபோர்க்கின் கணிப்பு அமெரிசியம், கியூரியம் ஆகியவற்றைக் கண்டறிய உதவியது என்பதால் இந்த மாற்றம் நியாயமானதே. ஆயினும் தனித்த தோரியம் அணுவின் அடிநிலையில் 5எஃப் எலக்ட்ரான் ஒன்றுகூட இல்லை. அதன் பழைய இடம் அறியாமையின் விளைவு என்று ஒதுக்கிவிட முடியாது. இன்றைய நிறம் இந்த வழக்கின் சுவடு எதனையும் காட்டுவதில்லை.

திருவிதாங்கூருக்கு இது வெறும் வேதியியல் வழக்கன்று. 1909இல் செருமானியரான ஷோம்பர்க், திருவிதாங்கூரிலிருந்து சென்ற கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டை அடையாளங்கண்டார். அதில் சுமார் 8 முதல் 10 விழுக்காடு தோரியம் ஆக்சைடு. அக்காலத்தில் அதன் பயன் விளக்கு வெளிச்சம்தான். ஆவர் ஃபான் வெல்ஸ்பாக் 1891இல் செம்மைப்படுத்திய வாயு விளக்கு மேண்டிலில் 99 விழுக்காடு தோரியம் ஆக்சைடு, எஞ்சியது சீரியம் ஆக்சைடு. நம் திருவிழாக்களில் எரிந்த பெட்ரோமாக்ஸ் மேண்டிலும் இதன் வழிவந்ததே. மின்விளக்கு பரவப் பரவத் தோரியத்தின் மதிப்பு சரிந்தது. போர்க்காலத்தில் சீபோர்க்கின் குழுவினர் தோரியத்திலிருந்து பிளவுறும் யுரேனியம் 233 கிடைப்பதைக் கண்டதும் நிலைமை தலைகீழானது. அட்டவணையில் தோரியத்தை இடம்பெயர்த்தவரே அரசியலிலும் அதன் இடத்தை மாற்றினார் எனலாம். 1947இல் தனிநாடாக நிற்க முயன்ற திருவிதாங்கூர் திவான் சி. பி. இராமசாமி ஐயருக்கு இந்த மணல் ஒரு பேரம்பேசும் பொருளாக இருந்தது. 1950இல் இந்திய அருமண் நிறுவனம் உருவாயிற்று. 1952இல் ஆலுவாயில் அதன் ஆலை திறக்கப்பட்டது.

பின்னர் 1956 நவம்பர் 1. தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் சென்னை மாநிலத்தில் சேர்ந்தன. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. மணவாளக்குறிச்சி எல்லைக்கு இப்பாலும், கொல்லம் பக்கத்துச் சவறா அப்பாலும் ஆயின. நிலப்படத்திலும் நிறக்குறிப்பு உண்டு. அது ஒரு வட்டத்திற்கு ஒரு நிறமே தரும். இருமொழி பேசும் வீட்டிற்கு அதில் கட்டம் இல்லை.

எல்லையோரத் தமிழ் மாணவர் காதில் ஒரே கட்டத்திற்கு இரு பெயர்கள் விழுகின்றன. தமிழ்நாட்டில் தனிமம்; மலையாளத்தில் மூலகம். தமிழ்நாட்டில் தனிம வரிசை அட்டவணை; மலையாளத்தில் ஆவர்த்தனப் பட்டிகை. இவற்றில் ஒன்று தமிழ், மற்றது அயல்மொழி என்று எளிதாகப் பிரிக்கத் தோன்றும். ஆனால் இலங்கைத் தமிழ்ப் பாடநூல்கள் மூலகம் என்றும் ஆவர்த்தன அட்டவணை என்றுமே எழுதுகின்றன. பாறசாலை மாணவர் மலையாளச் சொல் என்று கருதித் தவிர்க்கக்கூடிய சொல்லை, யாழ்ப்பாணத்து மாணவர் தமிழ்த் தேர்வில் எழுதி மதிப்பெண் பெறுகிறார். கலைச்சொற்களை ஒருங்கிணைப்போர் இந்த எல்லைக் கிராமங்களைச் சிக்கலாகப் பார்ப்பதைவிட ஒப்பீட்டுக் களமாகப் பார்ப்பது பயன்தரும்.

நிறக்குறிப்பில் எழுத்துகளின் நிறத்துக்கும் பொருள் உண்டு. திண்மத்திற்குக் கறுப்பு, நீர்மத்திற்கு நீலம், வளிமத்திற்குச் சிவப்பு என்பது பரவலான வழக்கம். வழக்கமாக 25 பாகை செல்சியசில் பார்க்கையில் நீர்மங்களாக வருபவை புரோமினும் பாதரசமும் மட்டுமே. சீசியம் 28.5 பாகையில் உருகும், காலியம் 29.8 பாகையில். சித்திரை மாத நண்பகலில் நெய்யாற்றின்கரையின் ஆய்வக அறையொன்றில் அந்த இரண்டு கட்டங்களும் நீலமாகவே அச்சிடப்பட வேண்டும்.